அந்தச் சொல் எங்கிருந்து வந்தது என்று கேளுங்கள்
மாட்டுத்தாவணியில் பஸ்ஸுக்குக் காத்திருக்கும் தேர்வு மாணவர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பிகளே, தங்கைகளே,

மேலூர், சிவகங்கை, அருப்புக்கோட்டைப் பக்கத்துக் கிராமங்களிலிருந்து மதுரைக்குப் பயிற்சி வகுப்புக்கு வந்து, இருட்டிய பிறகு மாட்டுத்தாவணியில் ஊர் பஸ்ஸுக்காக நிற்கிறீர்களே, உங்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். எஸ்.எஸ்.சி., வங்கித் தேர்வு என்று ஆளுக்கொரு இலக்கு இருந்தாலும் கையில் இருப்பது ஒரே மாதிரிப் புத்தகம்தான். இடப்பக்கம் யாரும் அன்றாடம் பேசாத ஓர் ஆங்கிலச் சொல், நடுவில் தமிழ் எழுத்தில் உச்சரிப்பு, வலப்பக்கம் பொருள். "நியூமிஸ்மடிஸ்ட், நாணயம் சேகரிப்பவர். ஃபிலாட்டலிஸ்ட், தபால்தலை சேகரிப்பவர்" என்று உதடு மட்டும் அசையப் படிக்கிறீர்கள். பஸ் வந்ததும் புத்தகத்தை மூடிவிட்டு ஓடுகிறீர்கள். மறுநாள் பாதிச் சொற்கள் நினைவில் இருப்பதில்லை என்று வகுப்பில் வந்து வருத்தப்படுகிறீர்கள்.

ஆங்கிலம் சொல்லிக்கொடுப்பது என் தொழில். மனப்பாடத்தை நான் பழிக்க மாட்டேன். நிகண்டை மனப்பாடம் செய்துதான் நம் முன்னோர் சொல் கற்றார்கள். ஆனால் திண்ணைப் பள்ளியில் நிகண்டு ஒப்பித்த பிள்ளைக்குப் பக்கத்தில் கேள்வி கேட்க ஓர் ஆசிரியர் இருந்தார். கைடைக் கேட்டால் அது பதில் சொல்லாது. அதனால் புதிதாக ஓர் ஆங்கிலச் சொல்லைப் பார்க்கும்போது மூன்று கேள்விகளை நீங்களே கேட்டுக்கொள்ளுங்கள். இதற்கு என்ன பொருள்? இது எங்கிருந்து வந்தது? இதை எப்படிச் சொல்வது? முதல் கேள்வியையும் கடைசிக் கேள்வியையும் எல்லோரும் கேட்கிறோம். நடுக் கேள்வியை விட்டுவிடுகிறோம். மற்ற இரண்டையும் நினைவில் நிறுத்துவது அந்த நடுக் கேள்விதான்.

நீங்கள் நிற்கும் இடத்திலேயே இதற்குச் சான்று இருக்கிறது. பஸ் டிப்போவை 'டிப்போட்' என்று சொல்லும் நடத்துனரையோ டிரைவரையோ பார்த்திருக்கிறீர்களா? பூக்கடையில் 'பொக்கெட்' கொடுங்கள் என்று யாராவது கேட்கிறார்களா? டிப்போ, பொக்கே என்றுதான் எல்லோரும் சரியாகச் சொல்கிறார்கள். இரண்டுமே பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தவை. எழுதும்போது கடைசியில் 'ட்' இருக்கும், சொல்லும்போது இருக்காது. உங்கள் கைடில் வரும் பாலே, டேபியூ, ரேப்போர் எல்லாம் இதே வழிதான். ஒவ்வொன்றையும் தனித்தனியாக உருப்போடத் தேவையில்லை. பிரெஞ்சு என்று தெரிந்தால் டிப்போவை நினைத்துக்கொள்ளுங்கள். கிரேக்கத்திலிருந்து வந்தவற்றுக்கு வேறு வழி. அபாஸ்ட்ரஃபி, கேட்டாஸ்ட்ரஃபி இரண்டையும் ஏற்கெனவே சரியாகச் சொல்கிறீர்கள். அவற்றின் கடைசி எழுத்து என்னவோ அதேதான் எபிட்டமிக்கும் ஹைபர்பலிக்கும் கடைசி எழுத்து. முன்னது ஒன்றுக்கு முழுமையான எடுத்துக்காட்டாக இருப்பது, பின்னது உயர்வு நவிற்சி. அவற்றை 'எபிடோம்', 'ஹைபர்போல்' என்று வாசித்துவிட்டு நேர்முகத் தேர்வில் தலைகுனிந்த பிள்ளைகளை எனக்குத் தெரியும். புத்தகத்தில் மட்டுமே பார்த்த சொல்லை எழுத்துக் கூட்டித்தான் வாசிக்க முடியும். அதில் வெட்கப்பட எதுவும் இல்லை. அது கிரேக்கச் சொல் என்று ஒருவர் முன்பே சொல்லியிருந்தால் போதும்.

இந்த நடுக் கேள்வி எவ்வளவு உதவும் என்பதை ஒரு போட்டியில் பார்க்கலாம். அமெரிக்காவில் ஸ்கிரிப்ஸ் தேசிய ஸ்பெல்லிங் பீ என்ற போட்டி 1925 முதல் நடக்கிறது. மேடையில் நிற்கும் பிள்ளைக்கு யாரும் கேள்விப்படாத ஒரு சொல்லைச் சொல்வார்கள். அதை எழுத்துக்கூட்டிச் சொல்ல வேண்டும். இந்தியக் குடும்பத்துப் பிள்ளைகள் பலர் அதில் வென்றிருக்கிறார்கள். 1985ல் அப்படி முதலில் வென்றவர் பாலு நடராஜன். நம் ஆட்கள் மனப்பாடப் புலிகள், அதனால் ஜெயிக்கிறார்கள் என்று இங்கே சொல்வதுண்டு. போட்டியைப் பார்த்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள். எழுத்துக்கூட்டும் முன் அந்தப் பிள்ளை கேள்வி கேட்கலாம். சொல்லின் பொருள், அது பெயரா வினையா, எந்த மொழியிலிருந்து வந்தது, ஒரு வாக்கியத்தில் எப்படி வரும், வேறு உச்சரிப்பு உண்டா என்றெல்லாம் கேட்கலாம். அத்தனைக்கும் பதில் கிடைக்கும். வெல்பவர்கள் அந்தப் பதில்களை வைத்துத்தான் எழுத்தைக் கண்டுபிடிக்கிறார்கள்.

2021ல் லூசியானாவிலிருந்து வந்த ஸைலா அவான்ட்-கார்ட் என்ற 14 வயதுப் பெண் அதில் வென்றார். அவருக்குக் கோப்பையை வாங்கித் தந்த சொல் 'முர்ரேயா'. அது ஒரு தாவரப் பேரினத்தின் பெயர். இதில் மர்ரே என்ற ஆள் பெயர் இருக்கிறதா என்று அவர் கேட்டார். சரியான கேள்வி. ஜொஹான் ஆண்ட்ரியாஸ் மர்ரே என்ற தாவரவியலாளரின் பெயரால்தான் அது அமைந்தது. நமக்கு அதில் இன்னொரு சேதி இருக்கிறது. உங்கள் வீட்டுத் தாளிப்பில் வெடிக்கும் கறிவேப்பிலைக்குத் தாவரவியலார் நெடுங்காலம் வழங்கிய பெயர் 'முர்ரேயா கோனிகீ'. இப்போது பலர் அதை 'பெர்கேரா' என்ற பேரினத்தில் சேர்க்கிறார்கள். கோனிகீ என்ற பின்பாதி, 1768ல் மருத்துவராகத் தரங்கம்பாடிக்கு வந்த ஜொஹான் கெர்ஹார்ட் கோனிக்கைக் குறிக்கிறது. மர்ரே, கோனிக் இருவருமே தாவரவியலாளர் லின்னேயஸின் மாணவர்கள். அமெரிக்க மேடையில் கேட்ட அந்த அபூர்வச் சொல்லுக்குச் சோழமண்டலக் கரையோடும் தொடர்பு இருந்தது. அந்த மேடையில் நம் ஊர்ப் பிள்ளை ஒருத்தி நின்று, அது கறிவேப்பிலை இனம் என்று யாராவது சொல்லியிருந்தால், அவள் எவ்வளவு தைரியமாக நின்றிருப்பாள் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

அரிய ஆங்கிலச் சொல் என்றாலே நமக்கு அன்னியமானது என்ற எண்ணத்தைக் கைவிடுங்கள். 1886ல் லண்டனில் 'ஹாப்ஸன்-ஜாப்ஸன்' என்றொரு அகராதி வந்தது. இந்தியாவிலிருந்த வெள்ளைக்காரர்கள் பேசிய ஆங்கிலத்துக்கான அகராதி அது. தொகுத்தவர்கள் ஹென்றி யூலும் ஆர்தர் பர்னெலும். பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். தஞ்சை அரண்மனையின் வடமொழிச் சுவடிகளுக்கு அட்டவணை போட்டவர். அச்சில் வந்த அகராதியைப் பார்க்காமல் 1882லேயே இறந்துபோனார். அகராதியின் தலைப்பே உச்சரிப்புக்கு ஒரு பாடம். மொகரம் ஊர்வலத்தில் 'யா ஹஸன், யா ஹுஸைன்' என்று மார்பில் அடித்துக்கொண்டு எழுப்பிய குரல், ஆங்கிலச் சிப்பாய்களின் வாயில் ஹாப்ஸன்-ஜாப்ஸன் ஆனது. ஒரு துயரக் குரலை அவர்கள் தங்கள் ஊரில் புழங்கும் இரண்டு பெயர்களாக மாற்றிவிட்டார்கள். புரியாத ஒலியைத் தெரிந்த ஒலியாக்கிக்கொள்வது எல்லா மொழிக்காரரும் செய்வதுதான். நாம் ஆங்கிலத்தைத் தமிழாக்கி ஒலித்தால் மட்டும் அது குற்றம் என்று யார் சொன்னார்கள்?

அந்த அகராதியைப் புரட்டினால் நம் சொற்கள் மாறுவேடத்தில் வரும். 'கானிகாபொலி' என்பது கணக்குப்பிள்ளை. 'மமூட்டி' என்பது மண்வெட்டி. 'போலிகர்' என்பது பாளையக்காரர். 1799ல் கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்டவர்கள் அவரை அந்தச் சொல்லால்தான் குறித்தார்கள். 'சௌல்ட்ரி' என்பது சாவடி. மீனாட்சியம்மன் கோயிலுக்குக் கிழக்கே இருக்கும் புதுமண்டபத்தைப் பழைய ஆங்கிலப் புத்தகங்கள் திருமலை நாயக்கரின் சௌல்ட்ரி என்றே எழுதின. 'மல்லிகடோனி' மிளகுத்தண்ணீர். அதைக் குடித்துக் குடித்துச் சென்னை மாகாணத்து அதிகாரிகளுக்கே 'மல்' என்று பட்டப்பெயர் வந்தது என்று அந்த அகராதி சொல்கிறது. கட்டுமரத்தை 1697லேயே வில்லியம் டாம்பியர் என்ற கடலோடி தன் பயண நூலில் எழுதிவிட்டார். கட்டுமரம் என்றால் நமக்கு மரங்களைச் சேர்த்துக் கட்டிய மிதவை. இன்றைய ஆங்கில அகராதியில் அது இரட்டை உடல் கொண்ட படகு. பெயர் ஒன்று, பொருள் வேறு. இப்படி விலகிய பொருளைக் கவனிக்கும் பழக்கம் உங்களுக்கு வந்தால், தேர்வில் நான்கு விடைகளில் எது நெருங்கியது என்று எடுக்கும் கண்ணும் கூடவே வரும்.

இங்கே ஓர் எச்சரிக்கையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் உங்கள் வாட்ஸப்பிலும் தவறான சொல்வரலாறு சுற்றுகிறது. ஆங்கிலம் முழுக்கத் தமிழிலிருந்து வந்தது என்றும், ஒலி ஒத்துவந்தால் போதும் அது நம் சொல்தான் என்றும் சொல்பவர்களை நம்பாதீர்கள். பணம் என்ற பொருளில் வரும் 'கேஷ்' நம் காசிலிருந்து வரவில்லை. பெட்டியைக் குறிக்கும் பிரெஞ்சு, இத்தாலியச் சொற்களிலிருந்து வந்தது. ஆனால் ஆங்கில அகராதியில் இன்னொரு 'கேஷ்' உண்டு. கிழக்கு நாடுகளில் புழங்கிய சில்லறை நாணயத்தைக் குறிப்பது. அது போர்த்துக்கீசியர் வாய்வழியே போன நம் காசேதான். பழைய மதராஸ் கணக்கில் 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு நட்சத்திர வராகன். ஒரே எழுத்து, ஒரே ஒலி, இரண்டு வேர். நம்முடையதைப் பெருமையாகச் சொல்லுங்கள், அடுத்தவருடையதை நம்முடையது என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். நியூமிஸ்மடிஸ்ட் என்ற சொல்லை இனி மறக்க மாட்டீர்கள் என்று நினைக்கிறேன். இந்த இரண்டு கேஷையும் பிரித்துக் காட்டக் கூடியவர் அவர்.

இப்போது நான் மிகவும் சொல்ல விரும்புவதற்கு வருகிறேன். உங்கள் கைடில் 'பரையா' என்றொரு சொல் இருக்கும். எதிரே 'சமூகத்தால் ஒதுக்கப்பட்டவர்' என்று பொருள் போட்டிருக்கும். தேர்வில் கேட்டால் அந்த விடையைத்தான் குறிக்க வேண்டும், மதிப்பெண்ணும் கிடைக்கும். ஆனால் அது பறையர் என்ற நம் மக்கள் சமூகத்தின் பெயர். பறை என்ற இசைக்கருவியோடு இணைத்து விளக்கப்படும் பெயர். பதினேழாம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்குள் போனது. 1791ல் வந்த பெர்னார்தென் த சேன்-பியேரின் பிரெஞ்சுக் கதை அதை ஐரோப்பா முழுக்கப் பரப்பியது. இன்று ஒரு நாட்டை மற்ற நாடுகள் ஒதுக்கினால் அந்த நாட்டைப் 'பரையா ஸ்டேட்' என்று பத்திரிகைகள் எழுதுகின்றன. எழுதுபவர்களில் பெரும்பாலானோர் அது உயிரோடு வாழும் மனிதர்களின் பெயர் என்று அறியாதவர்கள். ஒதுக்கியது யார் என்ற கேள்வியை அந்த விளக்கம் கேட்பதே இல்லை. ஒதுக்கப்பட்ட நிலையையே அந்த மக்களின் பொருளாக்கிவிட்டது.

1893ல் ரெட்டைமலை சீனிவாசன் சென்னையில் பத்திரிகை தொடங்கியபோது, அதற்குப் 'பறையன்' என்றே பெயர் வைத்தார். உலகத்து அகராதிகள் இழிவு என்று எழுதிய சொல்லை முகப்பில் பெரிதாக அச்சடித்து, அதன் கீழ் உரிமை கேட்டார். ஒரு சொல்லின் பொருளை அகராதி மட்டும் தீர்மானிப்பதில்லை என்பதை அவரைவிடத் தெளிவாக யாரும் காட்டியதில்லை. நீங்கள் வகுப்பில் இந்தச் சொல்லைப் படிக்கும்போது உங்கள் பக்கத்துப் பெஞ்சில் அந்தச் சமூகத்துப் பிள்ளை உட்கார்ந்திருக்கலாம். அது நீங்களாகவே இருக்கலாம். விடையைக் குறியுங்கள். உங்கள் சொந்த எழுத்தில் மட்டும், ஒதுக்கப்பட்ட நாடு என்று சொல்ல வேண்டிய இடத்தில் இந்தச் சொல்லை எடுக்காதீர்கள். ஆங்கிலத்தில் அதற்கு வேறு சொற்கள் நிறைய உண்டு.

இதே போல அவமானத்துக்கு ஆளான இன்னொரு சொல் புறம்போக்கு. மாட்டுத்தாவணியிலிருந்து மேலூர் சாலையில் கொஞ்சம் போனால் 2004ல் திறந்த உயர்நீதிமன்றக் கிளை. அங்கே ஆங்கிலத்தில் எழுதப்படும் தீர்ப்புகளில் 'பொரம்போக்' அடிக்கடி வரும். லண்டன் வக்கீலுக்கு அது அரிதான, வாயில் நுழையாத சொல். உங்களுக்கு அப்படியில்லை. கண்மாய், ஓடை, வண்டிப்பாதை, மேய்ச்சல், சுடுகாடு என்று வரி போடாமல் ஊருக்குப் பொதுவாக விட்ட நிலம் அது என்று உங்கள் தாத்தா அளந்தே காட்டுவார். ஊரார் எல்லோருக்கும் சொந்தமான நிலத்தின் பெயர் எப்படியோ தெருவில் வசைச்சொல்லாகிவிட்டது. 2017ல் சென்னையை அடுத்த எண்ணூர் கழிமுகத்துக்காகக் கர்நாடக இசைப் பாடகர் டி.எம். கிருஷ்ணா பாடிய புறம்போக்குப் பாடல் அதை வசையிலிருந்து மீட்கப் பார்த்தது. உங்களில் ஒருவர் நாளை வருவாய்த் துறையில் சேர்ந்து அந்தச் சொல்லை ஆங்கிலக் கோப்பில் எழுதுவார். பக்கத்தில் அது எந்தக் கண்மாய், யார் பயன்படுத்தும் பாதை என்றும் சேர்த்து எழுதினால் அந்த நிலம் காப்பாற்றப்படும்.

உச்சரிப்புக்கு வருகிறேன். கைடில் தமிழ் எழுத்தில் போட்டிருக்கும் உச்சரிப்பை மட்டும் நம்பாதீர்கள். நம் எழுத்தில் குறை இருப்பதாகச் சொல்லவில்லை, அது தமிழுக்காக அமைந்தது. 'பெட்' என்று எழுதினால் அது செல்லப்பிராணியா, பந்தயமா, படுக்கையா? மூன்றுமே ஆங்கிலத்தில் வேறு வேறு ஒலி, நமக்கு ஒரே எழுத்து. இன்னொன்று அழுத்தம். தமிழில் எந்த அசையை அழுத்திச் சொன்னாலும் சொல் மாறுவதில்லை. ஆங்கிலத்தில் ஃபோட்டோகிராஃப் என்பதில் முதல் அசை அழுந்தும். ஃபட்டாக்ரஃபர் என்னும்போது அழுத்தம் இரண்டாவது அசைக்கு நகர்ந்து, முதல் உயிரொலியே தேய்ந்துபோகும். நல்ல அகராதியில் அழுந்தும் அசைக்கு முன்னால், மேலே, ஒரு சிறு கோடு இருக்கும். அந்தக் கோட்டைத் தேடப் பழகுங்கள். அரிய சொற்களில் வெள்ளைக்காரர்களே அந்த இடத்தில் தவறுவதுண்டு. மற்றபடி காதை நம்புங்கள். ராணுவத்துக் 'கர்னலை' எழுத்துப்படி வாசித்தால் என்ன ஆகும் என்று எழுதிப் பாருங்கள். கேட்டுக் கற்றதால் நம் ஊரில் எழுதப் படிக்கத் தெரியாதவர்கூட அதைச் சரியாகச் சொல்கிறார். ஆக்ஸ்ஃபோர்டு அகராதி இப்போது நூற்றுக்கணக்கான சொற்களுக்கு இந்திய ஆங்கில உச்சரிப்பையும் சேர்த்துத் தருகிறது. 2016ல் 'ஐயோ'வும் அதில் ஏறியது.

எழுத்தை மாற்றினால் ஒலி சரியாகிவிடும் என்பதும் நடக்கவில்லை. 2020 ஜூன் மாதம் தமிழ்நாடு அரசு 1,018 ஊர்களின் ஆங்கில எழுத்துக்கூட்டலைத் தமிழ் ஒலிக்கு ஏற்ப மாற்றி ஆணையிட்டது. சில நாட்களிலேயே அதைத் திரும்பப் பெற்றது. நோக்கம் நல்லதுதான். ஆனால் நம் ழகரத்துக்கு ஆங்கிலத்தில் எந்த இரண்டு எழுத்தைப் போட்டாலும் சொல்லிக் கேட்டவருக்குத்தான் அது வரும்.

அகராதி வேலையில் நம் மதுரைக்கும் ஒரு பங்கு உண்டு. தமிழ் லெக்சிகன் என்று ஒரு பேரகராதி இருக்கிறது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்களுக்குத் தமிழிலும் ஆங்கிலத்திலும் பொருள் தருவது. 1924 தொடங்கி 1936க்குள் ஆறு தொகுதிகளாகச் சென்னைப் பல்கலைக்கழகம் வெளியிட்டது. முடித்து வைத்தவர் ச. வையாபுரிப்பிள்ளை. அந்த வேலை முதலில் தொடங்கியது 1913ல், மதுரையில். அமெரிக்கன் மதுரா மிஷனைச் சேர்ந்த ஜே.எஸ். சாண்ட்லர்தான் முதல் ஆசிரியர். அலுவலகம் பின்னால்தான் சென்னைக்குப் போனது. ஒரு தமிழ்ச் சொல்லை ஆங்கிலத்தில் எப்படி விளக்குவது என்று உட்கார்ந்து யோசித்த ஊர் இது. புது நத்தம் சாலையில் 2023ல் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்துக்கு ஒரு ஞாயிறு போங்கள். தேர்வுப் புத்தகம் படிக்கும் அறைக்கு முன்னால் அகராதி இருக்கும் அலமாரியைத் தேடுங்கள்.

அதற்குள் ஒரு பயிற்சி. பஸ் நிலையத்துக்கு அருகிலேயே பூச்சந்தை இருக்கிறது. அங்கே உதிரிப்பூவை எடை போட்டு விற்கிறார்கள். கட்டிய சரத்தை முழம் போட்டு விற்கிறார்கள். முழங்கையிலிருந்து விரல் நுனிவரை உள்ள அந்த அளவுக்கு ஆங்கிலத்தில் 'க்யூபிட்' என்று பெயர். முழங்கையைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. பைபிளில் நோவாவின் பேழைக்குச் சொல்லும் 300 முழம் ஆங்கிலத்தில் 300 க்யூபிட். ஆங்கிலேயர் யாரும் இன்று க்யூபிட்டால் எதையும் அளப்பதில்லை. உங்கள் அக்காவோ சித்தியோ தினமும் அளக்கிறார்கள். அதைப் போல உங்கள் வீட்டுத் தொழிலிலிருந்து ஒரே ஒரு சொல்லை எடுங்கள். நெல் மண்டியோ, பூக்கட்டோ, ஆட்டுச் சந்தையோ, எதுவானாலும் சரி. அதற்கு ஆங்கிலத்தில் இரண்டு வரியில் விளக்கம் எழுதுங்கள். எங்கே அழுத்த வேண்டுமோ அங்கே கோடு போடுங்கள். அந்தச் சொல் எந்த மொழியிலிருந்து வந்தது என்று தேடி மூன்றாவது வரியில் சேருங்கள். எழுதியதை அடுத்த வகுப்பில் எழுந்து நின்று சத்தமாக வாசியுங்கள். யாராவது திருத்தினால் நன்றி சொல்லித் திருத்திக்கொள்ளுங்கள். சிரித்தால், கைடில் அவருக்குப் பிடித்த சொல் ஒன்றைக் காட்டி, அது எங்கிருந்து வந்தது என்று கேளுங்கள்.

அன்புடன்,
மதுரையில் ஆங்கிலம் கற்பிக்கும் ஓர் ஆசிரியர்